கரிச்சானின் இரண்டாவது வாய்

மரங்கள் வேரைத் தூக்கிக்கொண்டு நடமாடிய அந்தக் காலத்தில், காட்டில் யாரும் எதையும் நம்பியதில்லை. எப்படி நம்புவது? மலையடியில் நின்ற அத்திமரத்தில் தூங்கப்போனவன், விடிந்து பார்த்தால் ஆற்றங்கரையில் கிடப்பான். "நேத்து மலைப்பக்கம்தானே நின்னே?" என்று மரத்தைக் கேட்டால், "நானா? வேற யாரையாவது பார்த்திருப்பே" என்று இலையை ஆட்டிவிட்டு அது நடந்துவிடும்.

கண்ணால் பார்த்ததே இந்த லட்சணம் என்றால், காதால் கேட்டதை என்ன செய்வது? இதற்காகவே இருவாச்சிப் பறவை ஒரு தத்துவப் பள்ளி தொடங்கினார். பெயர், இருவாய்ப் பள்ளி. அலகின்மேல் இன்னொரு அலகைக் கவிழ்த்தது போலிருக்கும் அவர், தொண்டையைக் கனைத்துப் பாடம் சொல்வார். "ஒரு வாய் சொன்னால் சத்தம். இரு வாய் சொன்னால் சத்தியம்."

காட்டில் எந்தச் சேதியும் முதலில் பள்ளிக்கு வர வேண்டும். அங்கே மரப்பொந்துக்குள், இலைத்திரைக்குப் பின்னால், ஆசானின் மனைவி பெரியலகி உட்கார்ந்திருப்பாள். முகம் பார்த்தால் இரக்கம் வந்துவிடுமாம். அதனால் குரல்களை மட்டும் எண்ணுவாள். ஒரு குரல் என்றால், "ஒண்ணு, சத்தம்." இரண்டு குரல் என்றால், "ரெண்டு, சத்தியம்." குற்றம் சாட்டப்பட்டவரின் வாய் எண்ணிக்கையில் சேராது.

கரிச்சான் குருவி இதையெல்லாம் கிளையில் உட்கார்ந்து கேட்டாள். கரிய உடம்பு, விசிறி மாதிரி முழு வால், தொண்டைக்குள் காட்டிலுள்ள அத்தனை பேரும். சும்மா இருக்க முடியுமா? ஆசான் மனைவிக்குப் பழம் தேடிப் போன நேரம், திரை அருகே போய்க் கரடிக் குரலில் உறுமினாள். "அம்மா, தேன் புளிக்குதும்மா." உடனே குரங்குக் குரலில், "ஆமாம்மா, நானும் நக்கிப் பார்த்தேன். த்தூ!"

"ரெண்டு, சத்தியம்."

அன்று மாலை காடே தேனை நக்கி முகம் சுளித்தது. கரடி மாமா தேன்கூட்டைக் கட்டிக்கொண்டு, "நேத்துவரைக்கும் இனிச்சுதே!" என்று அழுதார். கரிச்சானுக்குச் சிரித்துச் சிரித்து வயிறு வலித்தது.

மறுமுறை அவள் வாயில் வந்தது சருகுமானின் பெயர். முயலளவே இருக்கும் அந்தக் குட்டி மான் அவளுடைய தோழி. அவள் சருகைக் கிளறும்போது பறக்கும் பூச்சிகள்தான் கரிச்சானுக்குச் சாப்பாடு. அதையெல்லாம் யோசித்தா வாய் பேசும்? "சருகுமான் அக்கரைப் புலிகிட்ட நம்ம ஒளிவிடத்தையெல்லாம் சொல்றாம்மா" என்றது கரடிக் குரல். "நானும் பார்த்தேன்" என்றது குரங்குக் குரல்.

"ரெண்டு, சத்தியம்."

புலியோடு பேசியவரைப் புலியிடமே அனுப்ப வேண்டும் என்பது பள்ளியின் சட்டம். காடு கூடிவிட்டது. ஆளாளுக்கு ஞாபகம் வந்தது.

"அதான் எப்பவும் தலையைக் குனிஞ்சே நடக்கிறா."

"உடம்புல வரி வேற இருக்கு, பார்த்தியா? யாரோட வரி அது?"

கரிச்சான் பதறிப்போய்க் கரடியிடம் பறந்தாள். "மாமா, நீங்க அப்படிச் சொல்லவே இல்லைன்னு சொல்லுங்க!"

"எனக்கு ஞாபகமில்லேம்மா. ஆனா சத்தியம்னு ஆயிடுச்சே. சொல்லித்தான் இருப்பேன்."

குரங்கு தன் வாயையே சந்தேகத்தோடு தடவிப் பார்த்தது. "எனக்குத் தெரியாம இது இன்னும் என்னல்லாம் பேசுதோ!"

சருகுமானை அக்கரைக்குச் சுமந்துபோக ஒரு மருதமரம் வேரைத் தூக்கி நின்றது. அதன் தாழ்ந்த கிளையில் அவளை ஏற்றிவிட்டார்கள்.

"நான்தான் பேசினேன்!" என்று கரிச்சான் கத்தினாள். "ரெண்டு குரலும் என்னோடது! அவ அக்கரைக்குப் போகவே இல்லை!"

"ஒண்ணு, சத்தம்" என்றாள் திரைக்குள்ளிருந்து பெரியலகி.

மரம் தண்ணீரில் முதல் வேரை வைத்தது. இன்னொரு வாய் வேண்டும். அது கரிச்சானின் தொண்டைக்குள்ளேயே இருந்தது. ஆனால் அத்தனை பேர் எதிரில் அதைத் திறந்தால், அப்புறம் அவள் எந்தக் குரலில் பேசினாலும் எவரும் நம்பமாட்டார்கள். கரிச்சான் ஆசானைப் பார்த்தாள். தொண்டையைக் கனைத்தாள். அவருடைய கனத்த குரலிலேயே சொன்னாள். "ஆமாம், பெரியலகி. பேசியது கரிச்சான்தான். சருகுமான் எங்கும் போகவில்லை."

"ரெண்டு, சத்தியம்!"

"நான் வாயே திறக்கலையே!" என்று அலறினார் ஆசான்.

"ஒண்ணு," என்றாள் பெரியலகி. "சத்தம்."

சருகுமான் ஒரே தாவில் கரையேறிப் புதருக்குள் மறைந்தாள். ஆசானின் கோபம் வாலில் விழுந்தது. கரிச்சானின் வாலை அலகால் கவ்வி நடுவே கிழித்தார். "ரெண்டு வாய்க்காரிக்கு ரெண்டு வால் இருக்கட்டும். பார்த்தாவது ஜாக்கிரதையா இருப்பாங்க!"

அப்போதுதான் பெரியலகி திரையை விலக்கி, வாழ்வில் முதல்முறையாக வெளியே பார்த்தாள். கரிச்சானைப் பார்த்தாள். பிறகு கணவரை வெகுநேரம் பார்த்தாள்.

"இத்தனை நாளா 'நான்தான்'னு சொல்லிப் பழம் குடுத்தது யாரு?"

"நான்தான்!"

"அதையேதான் அவளும் சொல்வா."

அவள் சேற்றைக் குழைத்துப் பொந்தின் வாயைப் பூசி அடைத்தாள். ஒரு சின்ன இடுக்கு மட்டும் விட்டாள். "முதல்ல மூக்கை நீட்டு. அப்புறம் பேசு."

அன்றைக்குப் பூசியதிலிருந்துதான், பெண் இருவாச்சி இன்றும் முட்டையிடும் காலத்தில் பொந்தை அடைத்துக்கொண்டு, இடுக்கில் அலகைப் பார்த்த பிறகே பழம் வாங்குகிறாள். கரிச்சான் கூப்பிட்டால் சருகுமான் முதலில் அவள் வாலைத்தான் பார்க்கிறாள். குறும்புக்காரர்களை இரட்டை வால் என்பதும் அன்று தொடங்கியதே. உங்களை ஒருவர் அப்படிச் சொன்னால் கவலை வேண்டாம், அது வெறும் சத்தம். இன்னொருவரும் சொன்னால் மட்டும், பின்னால் ஒருமுறை தடவிப் பார்த்துக்கொள்ளுங்கள்.