பச்சை வெண்டைக்கு நடந்த கல்யாணம்

கோணக்குளத்துக்காரர்களை முட்டாள்கள் என்று சொன்னால் நாக்கு அழுகிவிடும். சொன்னதைச் சொன்னபடி செய்கிறவர்கள் அவர்கள். ஒரு எழுத்தைக் கூட்டவும் மாட்டார்கள், குறைக்கவும் மாட்டார்கள். அந்த ஊருக்கு வந்த கேடெல்லாம் இந்த நல்ல குணத்தால் வந்ததுதான்.

அந்த ஊரில் பவுன்ராசு வெண்டை போட்டிருந்தான். பக்கத்து ஊர் விருமாண்டியின் மகள் செல்லக்கிளியைக் கட்ட வேண்டும் என்று ஆசையும் வைத்திருந்தான். சந்தையில் ஒருநாள் தன் வெண்டைக்காய் மூட்டை என்று நினைத்து யாரோ ஒருவருடைய தவிட்டு மூட்டையைத் தூக்கித் தராசில் வைத்தபோது அவள் சிரித்தாள். அதைச் சம்மதம் என்று எடுத்துக்கொண்டு பெண் கேட்கப் போனான். விருமாண்டி கறாராகச் சொல்லிவிட்டார்.

"முதல்ல உன் வெள்ளாமையைப் பார்ப்பேன். அப்புறந்தான் பொண்ணு. வெள்ளிக்கிழமை வர்றேன்."

வெள்ளிக்கிழமை வருவதற்குள் வெண்டைக்கு நோய் வந்துவிட்டது. இலை நரம்பெல்லாம் மஞ்சளாகி, வலை விரித்த மாதிரி ஆனது. காய்கள் வெளுத்துக் கோணிக்கொண்டன. பவுன்ராசுவுக்குச் சோறு இறங்கவில்லை. தோட்டத்தைப் பார்க்கும்போதெல்லாம் செல்லக்கிளி வேறு எவனையோ பார்த்துச் சிரிப்பது போலவே இருந்தது. தன் கூட்டாளிகள் ஒச்சப்பனையும் சுருளியையும் கூட்டிக்கொண்டு போய் வேளாண்மை ஆபீசரம்மாவை அழைத்து வந்தான்.

அந்த அம்மா ஒரு இலையைத் திருப்பினார். அடியிலிருந்து பொடிப்பொடியாக வெள்ளை ஈ கிளம்பியது.

"இது மஞ்சள் நரம்புத் தேமல். வைரஸ் நோய். வந்த செடிக்கு மருந்து கிடையாது. இந்த வெள்ளை ஈ ஒரு செடியில சாறு குடிச்சிட்டு அடுத்த செடியில போய் உட்காரும், நோயும் கூடவே போயிரும். நோய் வந்ததைப் பிடுங்கி அப்புறப்படுத்துங்க. மஞ்சள் அட்டை கட்டித் தொங்கவிடுங்க, ஈ வந்து ஒட்டிக்கும்."

கிணற்றோரம் ஒரே ஒரு செடி மட்டும் பச்சைப் பசேலென்று நின்றது. அதைப் பார்த்ததும் அவர் முகம் மலர்ந்துவிட்டது.

"இதுக்கு எதிர்ப்பு சக்தி இருக்கு. சுத்தி எல்லாத்துக்கும் வந்தும் இதுக்கு வரலை பாருங்க. நல்லாக் காய்க்கிற வேற ரகத்தோட இதைச் சேர்த்தா, பிறக்குறது நோயையும் தாங்கும், காயும் குடுக்கும்."

"சேர்க்கிறதுன்னா எப்படிம்மா?" என்றான் பவுன்ராசு.

"கல்யாணம் மாதிரின்னு வச்சுக்கங்க" என்று சொல்லிவிட்டு அந்த அம்மா வண்டியேறிப் போய்விட்டார். நல்ல மனுஷி. ஊரைப் பற்றி அவருக்கு யாரும் சொல்லியிருக்கவில்லை.

மூன்று பேரும் வரப்பில் உட்கார்ந்து யோசித்தார்கள்.

"மருந்து இல்லைன்னு அந்தம்மா சொல்றது தப்பு" என்றான் ஒச்சப்பன். மூவரில் ஆஸ்பத்திரி வாசலை மிதித்தவன் அவன் ஒருவன்தான். "எனக்கு முதுகுல தேமல் வந்துச்சு. களிம்பு தடவினேன், போயிருச்சு. தேமல்னா தேமல்தான். முதுகுல வந்தா என்ன, இலையில வந்தா என்ன?"

ஆகவே ஒவ்வொரு இலைக்கும் களிம்பு தடவினார்கள். தோட்டமே ஆஸ்பத்திரி வாசம் அடித்தது. செடிகள் வெயிலில் பளபளவென்று மின்னின, மஞ்சள் மட்டும் போகவில்லை. "இதுக சொறிஞ்சிருக்கும்" என்றான் ஒச்சப்பன்.

அடுத்தது அட்டை. சுருளி கண்மாயில் இடுப்பளவு தண்ணீரில் பொழுது சாயும்வரை நின்று, தன் காலையே இரையாகக் கொடுத்து, ஒரு சட்டி நிறைய அட்டை பிடித்து வந்தான். அவற்றுக்கு மஞ்சள் பூசுவதுதான் பெரும்பாடாகிவிட்டது. ஒவ்வொன்றையும் நூலில் கட்டிக் குச்சியில் தொங்கவிட்டார்கள். அவை நழுவி இறங்கி, ஈயை விட்டுவிட்டுப் பவுன்ராசுவின் கெண்டைக்காலைப் பிடித்தன.

"ஒட்டுது" என்றான் சுருளி திருப்தியாக. "ஆபீசரம்மா சொன்னது சரிதான்."

"ஈ ஒட்டும்னுதானடா சொன்னாங்க?"

"முதல்ல உன்கிட்ட ஒட்டிப் பழகுது மாப்ளே. கொஞ்சம் பொறு."

நோய் வந்ததைப் பிடுங்கத்தான் பவுன்ராசுவுக்கு மனசு வரவில்லை. காய்ச்சல் கண்டவனை வீட்டைவிட்டுத் துரத்துவார்களா? பிடுங்கினால் விருமாண்டிக்குக் காட்ட என்ன மிஞ்சும்? மிச்சம் இருந்தது ஒரே வழி. கல்யாணத்தை வைத்துக்கொள்ளச் சொல்லியிருக்கிறார்கள், வைத்துவிட வேண்டியதுதான்.

"அரசுக்கும் வேம்புக்கும் பண்ணி வைக்கிறதில்லையா?" என்றான் ஒச்சப்பன். "வெண்டை என்ன பாவம் பண்ணுச்சு?"

வெள்ளிக்கிழமை விருமாண்டி வந்தபோது கிணற்றோரம் மாவிலைத் தோரணம் கட்டியிருந்தது. பச்சைச் செடிக்கு நாலு முழத் துண்டு சுற்றி, மாலை போட்டிருந்தார்கள். பக்கத்தில் காய் அதிகம் பிடித்திருந்த மஞ்சள் செடி ஒன்றுக்குச் சேலைக் கிழிசல். பவுன்ராசு மஞ்சள் கயிற்றோடு குனிந்திருந்தான். மாமனாராக வரப்போகிறவரைப் பார்த்ததும் கயிறு கையிலிருந்து நழுவியது. எல்லாம் போச்சு என்று நினைத்துக்கொண்டான்.

விருமாண்டி வரப்பிலிருந்து இறங்கினார். செடிகளைச் சுற்றி வந்தார். பிறகு முகம் கடுத்துக் கேட்டார்.

"என்ன காரியம் பண்ணப் பார்த்தே? ரெண்டும் எந்தத் தோட்டம்?"

"இதே தோட்டந்தான் மாமா."

"விதை?"

"ஒரே பாக்கெட்டு."

"அப்போ அண்ணன் தங்கச்சியாச்சே. ஊரு காறித் துப்பாதா?"

மூவருக்கும் அப்போதுதான் உறைத்தது. ஆபீசரம்மா படித்தவர், முறை தெரியாது. தங்களுக்காவது தெரிந்திருக்க வேண்டாமா? ஒச்சப்பன் தலையில் கை வைத்து உட்கார்ந்துவிட்டான்.

விருமாண்டி துண்டை உதறித் தோளில் போட்டார். "வெளியூர்ல எடுக்கணும். என் தோட்டத்துலயும் வெண்டைதான் நிக்குது. ஒரு நோய்நொடி கிடையாது, காயும் கொத்துக்கொத்தா இருக்கும். இந்தப் பச்சை மாப்பிள்ளை ஆளு வாட்டசாட்டமா இருக்கான், நான் பொண்ணு தர்றேன். ஆனா முறைப்படி மாப்பிள்ளை வீட்டுச் சனம் பூரா வந்து நிக்கணும். ஒத்தையா வந்தா அனாதைம்பாங்க."

பவுன்ராசுவுக்குக் கண் கலங்கியது. மனசு வராமல் நின்ற வேலை இப்போது ஒரு நொடியில் முடிந்தது. நோய் பிடித்த செடி அத்தனையையும் வேரோடு பிடுங்கினார்கள். உறவுக்காரர்கள் அல்லவா, ஒருவரையும் விடக் கூடாது. மாப்பிள்ளையை மட்டும் வேர்மண்ணோடு சட்டியில் வைத்துச் சுருளி மடியில் தாங்கிக்கொண்டான். சனமெல்லாம் மாட்டு வண்டியில் ஏறியது. மேளம் முன்னால் போயிற்று.

விருமாண்டி தோட்டத்தில் கல்யாணம் அமர்க்களமாக நடந்தது. மாப்பிள்ளைக்குக் கை இல்லாததால் பவுன்ராசுவே கயிற்றைக் கட்டினான். கெட்டிமேளம் முழங்க, மாப்பிள்ளை வீட்டுச் சனத்தை வண்டியிலிருந்து தூக்கி உதறி வரப்போரம் வரிசையாக நிறுத்தினார்கள். அப்போது வெள்ளை ஈக்கள் குபீரென்று கிளம்பித் தோட்டம் முழுக்கப் பரவின. செல்லக்கிளி கையால் முகத்தை மூடிக்கொண்டாள். விருமாண்டி அண்ணாந்து பார்த்தார்.

"அட்சதை நல்லா விழுது" என்றார்.

சாப்பாடு முடிந்து கிளம்பும்போது அவரே பவுன்ராசுவைத் தனியாகக் கூப்பிட்டார். "முறை தெரிஞ்ச பையனா இருக்கே. வர்ற முகூர்த்தத்துல செல்லக்கிளிக்கும் உனக்கும் முடிச்சிரலாம்." பவுன்ராசு வீடு வந்து சேரும்வரை வண்டியில் உட்காரவே இல்லை. மாட்டுக்கு முன்னால் அவனே ஓடினான்.

முகூர்த்தம் நெருங்கிக்கொண்டிருந்தபோது விருமாண்டி மறுபடி வந்தார். முகம் சரியில்லை.

"மாப்ளே, ஒரு சங்கடம். உன் கல்யாணத்தைத் தள்ளிப் போடணும்."

"என்ன மாமா, செல்லக்கிளி வேணாங்குதா?"

"அது ஒண்ணும் சொல்லலை. தோட்டத்துலதான் பிரச்சினை. அன்னைக்குக் கல்யாணத்தைப் பார்த்ததுலருந்து மத்த வெண்டைகளுக்கும் ஆசை வந்திருச்சு போல. ஒவ்வொண்ணா மஞ்சள் பூச ஆரம்பிச்சு, இன்னைக்கு மொத்தமும் தலையிலருந்து கால்வரை மஞ்சள் பூசிக்கிட்டு நிக்குதுக. இத்தனை பொம்பளைப் பிள்ளைகளை மணவறைக் கோலத்துல நிக்கவச்சுட்டு, நான் செல்லக்கிளிக்கு மட்டும் பண்ணினா நியாயமா?"

பவுன்ராசு யோசித்துப் பார்த்தான். நியாயமில்லைதான்.

"மொத்தம் எத்தனை பொண்ணுங்க மாமா?"

"ரெண்டு ஏக்கர்."

ஒச்சப்பனை அன்றைக்கே நாலு ஊருக்கு மாப்பிள்ளை பார்க்க அனுப்பினார்கள். சுருளி மஞ்சள் கயிறு வாங்கக் கடைக்குப் போனான். கடைக்காரர் எத்தனை முழம் வேண்டும் என்று கேட்டார்.

"முழமெல்லாம் பத்தாதுங்க" என்றான் சுருளி. "ஏக்கர் கணக்குல குடுங்க."