அறுபது மடங்கு

செங்கரட்டூர்க் கிணற்றை மூடியது தப்பு. தண்ணீரில் ஒரு குறையும் இல்லை. குறை கணக்கில்.

கணக்குப் போட்டவர் டாக்டர் விருத்தகிரி. அரசாங்கத்துக்கு அணுகுண்டு செய்து கொடுத்த ஐந்து விஞ்ஞானிகளில் ஒருவர். மற்ற நால்வரும் போய்ச் சேர்ந்துவிட்டார்கள். இவருக்கு எழுபத்து மூன்று வயது. மூன்று வருடமாக மலையடிவாரத்தில், நாச்சியாரம்மாவின் மடத்தில் சீடர்.

நாச்சியாரம்மாவுக்கு வயது நாற்பத்தெட்டுதான். முன்பு பஸ் கண்டக்டர். ஞானம் எப்போது வந்தது என்று யாராவது கேட்டால், "எட்டாம் நம்பர் பஸ்ஸில், நிற்க இடமில்லாதபோது" என்பார். அதற்கு மேல் ஒரு வார்த்தை வராது.

ஒரு காலை அம்மா மொச்சை உரித்துக்கொண்டிருந்தார். விருத்தகிரி எதிரே வந்து உட்கார்ந்தார்.

"அம்மா, ஒரு கேள்வி."

"கேளுங்க டாக்டரே. கையைச் சும்மா வைக்காதீங்க." மொச்சையில் பாதியை அவர் பக்கம் தள்ளினார்.

"நான் செஞ்ச பாவத்துக்கு விமோசனம் உண்டா?"

"எந்தப் பாவம்?"

"குண்டு."

சொல்ல ஆரம்பித்தார். வெளிச்சம் வந்தது, பூமி ஒரு சாண் எழும்பி இறங்கியது, ஐந்து பேரும் ஒருவர் முகத்தை ஒருவர் பார்க்காமல் நின்றது. ஒன்றையும் விடவில்லை. நாற்பத்திரண்டு மண்டபங்களில் சொன்ன கதை. எங்கே குரல் உடைய வேண்டும், எங்கே கண்ணாடியைக் கழற்ற வேண்டும் என்பதெல்லாம் அவருக்கு அத்துப்படி. மண்டபங்களில் ஜனங்கள் அழுவார்கள்.

அம்மா கொட்டாவி விட்டார்.

"அம்மா!"

"கோவிச்சுக்காதீங்க. நல்லாத்தான் சொல்றீங்க. போன மாசத்தைவிட இப்ப இன்னும் நல்லா இருக்கு."

விருத்தகிரிக்குச் சுருக்கென்றது.

"அது பாவம்தான் டாக்டரே," என்றார் அம்மா. "கழுவ முடியாது. என்னால முடியாது, யாராலயும் முடியாது. அதைத் தூக்கிக்கிட்டுத்தான் போகணும். வேற ஏதாவது இருக்கா? சின்னதா? ஒரு மண்டபத்துலயும் சொல்லாதது?"

விருத்தகிரி ஒரு மொச்சையைப் பிளந்தார். உள்ளே ஒன்றுமில்லை. இன்னொன்றைப் பிளந்தார். அதில் புழு.

"ஒரு கிணறு இருக்கு" என்றார்.

அம்மாவின் கை நின்றது.

"சோதனைக்கு வெடிச்ச அன்னிக்குக் காத்து தெக்கே திரும்பிடுச்சு. அந்தப் பக்கம் மூணு கிணறு. தண்ணியிலே கதிர்வீச்சு எவ்வளவுன்னு கருவி எண்ணிக் காட்டும். ஜீப்பில உக்காந்தபடியே கணக்குப் போட்டேன். மூணையும் மூடுன்னு கையெழுத்துப் போட்டேன். ரெண்டு மூட வேண்டியதுதான். மூணாவது செங்கரட்டூர்."

"அதுக்கென்ன?"

"அங்கே வேற கருவி. நிமிஷத்துக்கு எண்ணுறது. நான் நொடிக்குன்னு எடுத்துக்கிட்டேன். அறுபது மடங்கு தப்பு."

"எப்பத் தெரிஞ்சுது?"

"மூடி ஆறு வருஷம் கழிச்சு. பழைய நோட்டைப் புரட்டும்போது."

"யார்கிட்ட சொன்னீங்க?"

யாரிடமும் இல்லை. சொல்ல நினைத்தபோது ஒரு பதவி வந்தது. பிறகு ஒரு விருது. இப்போது, அடுத்த மாதம், அவர் வேலை பார்த்த ஆய்வு நிலையத்தில் அவர் பெயரில் ஒரு மண்டபம் திறக்கிறார்கள். வாசலில் கல்வெட்டு ஏறிவிட்டது: 'ஒரு கணக்கிலும் பிழை செய்யாதவர்.'

அதையும் சொன்னார். பிறகு, தனக்கே விளங்காதவர்போல, "லட்சம் பேரைக் கொல்லக்கூடியதைச் செஞ்சேன்னு மைக்கைப் பிடிச்சுச் சொல்ல முடியுது அம்மா. நிமிஷத்தை நொடின்னு நினைச்சுட்டேன்னு சொல்ல நாக்கு எழல" என்றார்.

அம்மா சிரித்தார். முறம் கவிழ்ந்து மொச்சை உருண்டது. அப்படி ஒரு சிரிப்பு. விருத்தகிரி முறைத்துப் பார்த்தார். முறைப்பு தாக்குப்பிடிக்கவில்லை. மடத்துக்கு வந்து மூன்று வருடத்தில் அன்றுதான் அவர் சிரித்தார்.

"எந்திரிங்க" என்றார் அம்மா. "பத்தேகாலுக்கு ஒரு பஸ் இருக்கு."

விருத்தகிரி பெட்டியைத் திறந்து பழைய நோட்டையும் எண்ணும் கருவியையும் எடுத்துக்கொண்டார்.

பஸ்ஸில் அம்மா பக்கத்தில் உட்கார்ந்திருக்க, அவர் வழி நெடுக மனதுக்குள் பேசிப் பார்த்துக்கொண்டே வந்தார். ஊரைக் கூட்ட வேண்டும். கைகூப்ப வேண்டும். அடித்தால் வாங்கிக்கொள்ள வேண்டும்.

கிணறு ஊருக்கு முன்னாலேயே இருந்தது. துருப்பிடித்த முள்வேலி. 'விஷ நீர், தொடாதே' என்று பலகை. வேலியில் ஆள் நுழைய ஒரு வழி. உள்ளே ஐம்பத்தைந்து வயதுப் பெண் ஒருத்தி தண்ணீர் இறைத்துக்கொண்டிருந்தாள்.

"ஏம்மா, தொடாதீங்க!" என்று கத்திவிட்டார் விருத்தகிரி. கத்திய பிறகுதான் நாக்கைக் கடித்துக்கொண்டார்.

"விஷம்னு சொல்ல வந்தீங்களாக்கும்" என்றாள் அவள், திரும்பாமலே. "தள்ளி நில்லுங்க ஐயா, மேல தெறிக்கும்."

"எத்தனை நாளா குடிக்கிறீங்க?"

"இருபத்தி மூணு வருஷமா."

கிணற்றை மூடி இருபத்தாறு வருடம். மூன்றாம் வருடமே குடிக்க ஆரம்பித்திருக்கிறாள்.

"பயமா இல்லையா?"

"பயந்தான். அதனாலதான் முதல்ல ஆடு."

"ஆடா?"

"ரெண்டு வெள்ளாடு. ஒரே தாய்க் குட்டிக. ஒண்ணுக்கு இந்தத் தண்ணி, இன்னொண்ணுக்கு ஓடைத் தண்ணி. ஒரே தழை, ஒரே கொட்டடி. ரெண்டு ஈத்துப் பாத்தேன். இது ரெண்டு குட்டி போட்டுச்சு, அதுவும் ரெண்டு போட்டுச்சு. கண்ணு, குளம்பு, ரோமம், ஒண்ணுலயும் பழுதில்ல. அதுக்கப்புறம் நான் குடிச்சேன். ஒரு வருஷம் நான் மட்டும். பெறகுதான் வீட்டுக்காரருக்குக் குடுத்தேன்."

"அவருக்கு ஏன் கடைசியில?" என்று கேட்டார் நாச்சியாரம்மா.

"எனக்கு ஒண்ணு ஆனா ஆட்டைப் பாக்க ஆள் வேணும்ல?"

விருத்தகிரிக்கு வந்த வேலையே மறந்துவிட்டது. "அந்த ரெண்டாவது ஆடு!" என்றார். "அது எப்படித் தோணுச்சு உங்களுக்கு? ஒப்பிட்டுப் பாக்க ஒண்ணு! எங்ககிட்ட முப்பது கருவி இருந்துச்சு. ஒருத்தனுக்கும் தோணல."

"நீங்க யாரு ஐயா?"

அவர் முகம் சுருங்கியது. பஸ்ஸில் யோசித்தது எதுவும் வாயில் வரவில்லை.

"இதை மூடச் சொன்னது நான். கணக்குத் தப்பு. தெரிஞ்சும் இருபது வருஷம் சொல்லல."

அவ்வளவுதான். குரல் உடையவில்லை. கண்ணாடி மூக்கிலேயே இருந்தது.

அவள் கயிற்றைக் கீழே வைத்தாள்.

"எம் மாமியா ஓடையில இருந்து மூணு மைல் சுமந்தா. ரெண்டாம் வருஷம் குடத்தோட விழுந்தா. இடுப்பு போச்சு. பெறகு எந்திரிக்கல."

அவர் தலையைக் குனிந்துகொண்டார். வாளித் தண்ணீர் அசைந்து அடங்கியது.

"என்ன கணக்கு அது?" என்றாள்.

"நிமிஷத்தை நொடின்னு எடுத்துக்கிட்டேன்."

"எங்க வீட்டுக்காரரு கைநாட்டு. அவரே கடிகாரம் பாப்பாரு."

நாச்சியாரம்மா முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டார்.

"சரி, வந்தது வந்தீங்க" என்றாள் அந்தப் பெண். "ஊரு முழுக்க இதைத்தான் குடிக்குது. வெளியூர்க்காரன் குடிக்க மாட்டேங்கிறான். போன வாரம் எம் மகளைப் பொண்ணு பாக்க வந்தாங்க. பலகையைப் பாத்துட்டு காப்பியைத் தொடாம எந்திரிச்சுப் போயிட்டாங்க. நல்ல தண்ணின்னு நான் சொன்னா, நீ யாருங்கிறான். எழுதினவரே வந்திருக்கீங்க. மாத்தி எழுதுங்க."

விருத்தகிரி கருவியை வாளிக்கு மேலே பிடித்தார். டிக். பிறகு வெகு நேரம் கழித்து இன்னொரு டிக். கையில் கடிகாரத்தை வைத்துக்கொண்டு பத்து நிமிடம் எண்ணினார்.

"நிமிஷம்தானே?" என்றாள் அவள்.

"நிமிஷம்தான் தாயே."

கிணற்றுச் சுவரில் காகிதத்தை விரித்து எழுதினார். கலெக்டருக்கு ஒன்று, ஆய்வு நிலையத்துக்கு ஒன்று. பழைய அளவு, சரியான கணக்கு, இன்றைய அளவு. தண்ணீர் நல்ல தண்ணீர்.

"நிலையத்துக்கும் போகுதா?" என்றார் அம்மா. "அப்ப மண்டபம்?"

"வேற பேரு தேடட்டும்." பேனா நிற்கவில்லை.

கீழே எழுதினார்: 'பிழை செய்தவர்: விருத்தகிரி.'

அடுத்த வரி: 'பிழையைக் கண்டு திருத்தியவர்:'

அங்கேயும் பேனா, பழக்க தோஷம், 'வி' என்று ஆரம்பித்தது.

"டாக்டரே" என்றார் அம்மா. "நீங்க கண்டுபிடிச்சது எத்தனாவது வருஷம்?"

"ஆறாவது."

"இவங்க?"

விருத்தகிரி கிணற்றைப் பார்த்தார். வேலியில் இருந்த வழியைப் பார்த்தார். 'வி'யை அடித்தார்.

"உங்க பேரு என்னம்மா?"

"முத்துப்பேச்சி."