பின்சக்கரத்து எலுமிச்சம்பழம்

உருளை மேல் ஓடுகிற கார் எந்த ஊருக்கும் போய்ச் சேராது. முன்சக்கரம் இரண்டும் உருளையோடு சேர்ந்து தலைதெறிக்கச் சுற்றும். பின்சக்கரம் இரண்டும் கல்லுப்பிள்ளையார் மாதிரி உட்கார்ந்திருக்கும். புகைக்குழாயில் ஒரு ரப்பர் குழாயைச் செருகி, எவ்வளவு விஷம் வருகிறது என்று திரையில் பார்ப்பார்கள். அந்தச் சோதனைக்கூடத்தில் ரெஜினா மேடம் சொன்னதுதான் சட்டம்.

தணிகைவேல் அவரைவிட வயதில் மூத்தவன். சர்வீஸ் பிரிவிலிருந்து அவரிடம் வேலை கற்றுக்கொள்ள வந்தவன். கேண்டீனில் அவன் வாயைத் திறந்தால் கூட்டம் கூடிவிடும். வாட்ச்மேன், டீ மாஸ்டர், கணக்குப்பிள்ளை எல்லாரும் அவன் தொண்டைக்குள் குடியிருந்தார்கள். முதலாளி குரல்தான் உச்சம். மூக்கால் இழுத்து, "நம்ம வண்டி நம்ம புள்ளை மாதிரி சார், பொய் சொல்லாது" என்பான். கேட்கிறவர்களுக்கு டீ புரையேறும்.

அன்றைக்கு அவன் யார் குரலிலும் பேசவில்லை.

"மேடம், ஒரு சந்தேகம். இங்க இந்த டீசல் வண்டி விடுற மூச்சுக்குப் பக்கத்துலயே தொட்டில் கட்டலாம். ரோட்டுல மட்டும் ஏன் கண்ணு எரியுது?"

"யார் சொன்னது?"

"என் வீட்டுக்காரி. டோல்கேட்ல வேலை. நம்ம டெஸ்ட் வண்டி தினமும் அவ ஜன்னலைத் தாண்டித்தான் போவுது."

சகுந்தலா சொன்னதில் பாதியைத்தான் சொன்னான். மீதி, இருமல்.

ரெஜினா உருளையின் வேகத்தைக் குறைத்தார். அவனை வண்டிக்குள் உட்கார வைத்து, ஸ்டியரிங்கை ஒரு விரல் அளவுக்குத் திருப்பச் சொன்னார்.

திருப்பினான். திரையில் படுத்துக் கிடந்த கோடு எழுந்து நின்றது. நேராக்கிவிட்டுக் கையை எடுத்தான். கொஞ்ச நேரத்தில் கோடு மறுபடி படுத்துக்கொண்டது.

தணிகைவேலுக்குப் புரிந்துவிட்டது. சக்கரம் சுற்றுகிறது, ஸ்டியரிங் அசையவில்லை என்றால், யாரோ சோதிக்கிறார்கள் என்று வண்டிக்குத் தெரிந்துவிடும். ஒரு வால்வைத் திறந்து, புகையில் ஒரு பங்கை எஞ்சினுக்கே திருப்பி அனுப்பி, நல்ல பிள்ளையாகிவிடும். ஸ்டியரிங் அசைந்தால் ரோடு. வால்வை மூடிக்கொள்ளும். மைலேஜ் கூடும். விஷம் டோல்கேட் ஜன்னலுக்குப் போகும்.

"யாரு மேடம் இதுக்கு இதைக் கத்துக்கொடுத்தது?"

"நான்தான்."

முதலில் வால்வு எப்போதும் திறந்தே இருக்கிற மாதிரிதான் செய்தாராம். மைலேஜ் அடிபட்டது. புகையைக் கழுவுகிற மருந்துக்கு வண்டியில் தனித் தொட்டி வைக்கலாம் என்றாராம். விலை ஏறும் என்றார் முதலாளி. மைலேஜும் குறையக் கூடாது, விலையும் ஏறக் கூடாது, சோதனையிலும் தேறணும், எப்படியோ பண்ணுங்க மேடம் என்றாராம். எப்படியோ பண்ணிவிட்டார்.

"நாளைக்கு அரசாங்க அதிகாரி வர்றாரே. அவர்கிட்ட நீங்க சொல்லலாமே?"

"அவர் பக்கத்துல நிக்கப்போறது நீங்க. ஸ்டியரிங்கைத் திருப்பிப் பாருங்க சார்னு ஒரு வார்த்தை சொல்லுங்க. வண்டி விற்பனைக்குப் போகாது."

நாளைக்குச் சொல்லிவிடுவேன் என்று வீட்டில் சகுந்தலாவிடம் சொன்னான். அவள் சிரிக்கப் போய் இருமினாள். நீங்க நீங்களா பேசி நான் எப்பக் கேட்டேன் என்றாள்.

மறுநாள் பூஜை தடபுடலாக நடந்தது. புது மாடல் முதன்முதலாக அதிகாரி முன்னால் ஓடும்போது, நாலு சக்கரத்துக்கும் குங்குமம் தடவிய எலுமிச்சம்பழம் வைப்பது அந்தக் கம்பெனி வழக்கம். நசுங்கினால் திருஷ்டி கழியும். முன்சக்கரத்துப் பழங்கள் சதக்கென்று நசுங்கின. எல்லாரும் கைதட்டினார்கள். திரையில் கோடு படுத்தே கிடந்தது.

அதிகாரி பொல்லாதவர் இல்லை. இளநீரைக் கீழே வைத்துவிட்டு, முதலாளியை விட்டுவிட்டுத் தணிகைவேலைப் பார்த்துக் கேட்டார்.

"ரோட்டுலயும் இப்படித்தான் இருக்குமா?"

முதலாளி சிரித்த முகமாக நின்றார். ரெஜினா திரையையே பார்த்துக்கொண்டிருந்தார். ராத்திரியெல்லாம் உருப்போட்ட ஒரு வார்த்தைக்காகத் தணிகைவேல் வாயைத் திறந்தான். மூக்கால் இழுத்துக்கொண்டு வந்தது.

"நம்ம வண்டி நம்ம புள்ளை மாதிரி சார். பொய் சொல்லாது."

அச்சு அசலாக இருந்தது. யாரும் சிரிக்கவில்லை. முதலாளி அவன் முதுகைத் தட்டிக்கொடுத்தார்.

எல்லாரும் சாப்பிடப் போன பிறகு, உருளை நின்ற கூடத்தில் இரண்டு பேர்தான் மிச்சம்.

"சொல்லணும்னுதான் மேடம் வாயைத் திறந்தேன். எனக்கு என்ன ஆச்சு?"

ரெஜினா குனிந்தார். பின்சக்கரத்துப் பழங்கள் இரண்டும் குங்குமம்கூடக் கலையாமல் வைத்தது வைத்தபடி இருந்தன. எடுத்து அவன் உள்ளங்கையில் வைத்தார்.

"கழுவி ஃப்ரிட்ஜ்ல வையுங்க சார். அடுத்த மாடலுக்கு ஆகும்."