விதிப்படி ஓடிய கார்

பஸ் டிரைவர் சங்கத் தலைவராக இருந்து போக்குவரத்து மந்திரியான கோதண்டபாணி, பதவியேற்ற கையோடு வேலைநிறுத்தத்துக்குத் தடை போட்டார். அதை மீறியதாக அவருடைய பழைய டெப்போவிலேயே நாற்பது பேருக்குச் சீட்டுக் கிழிந்தது. மந்திரியின் கார் டிரைவர் சவரிமுத்துவின் தம்பியும் அதில் ஒருவன்.

"அரை மணியில ஏர்போர்ட்! நடுவுல வண்டியை நிறுத்தினே, உன் சீட்டும் கிழியும்" என்று மந்திரி உறுமினார்.

"நிறுத்தவே மாட்டேங்க ஐயா."

சொன்னபடி சவரிமுத்து நிறுத்தவில்லை. பலகையில் இருபது என்று போட்டிருந்தால் இருபதில் ஊர்ந்தான். மாட்டுவண்டியை முந்தாமல் பின்னாலேயே போனான். காக்கை குறுக்கே வந்தாலும் ஹார்ன் அடித்தான். கடைசியில் ஒரு சவ ஊர்வலம், பட்டாசும் ஆட்டமுமாக, காரை முந்திக்கொண்டு போனது.

"என்னய்யா கூத்து இது?"

"விதிப்படி வேலைங்க தலைவரே" என்று சவரிமுத்து ஒரு பழைய சங்கப் புத்தகத்தை நீட்டினான். அட்டையில் மீசை கறுத்த கோதண்டபாணி சிரித்துக்கொண்டிருந்தார். முதல் வரியும் அவர் எழுதியதுதான்: 'வேலை போனவர்கள் திரும்பும்வரை ஒரு விதியையும் மீறாதே, நிர்வாகம் தானே வழிக்கு வரும்!'

மந்திரி கடிகாரத்தைப் பார்த்தார். பல்லைக் கடித்துக்கொண்டு டெப்போவுக்குப் போன் போட்டார்.

"நாப்பது பேரையும் இன்னைக்கே உள்ள எடுங்க!"

அடுத்த நிமிஷம், அந்தப் பிணத்தை முந்திக்கொண்டு கார் பறந்தது.