கூலி கேட்காத காவலர்கள்

முன்னொரு காலத்திலே மேலைக்குறிச்சி நாட்டை மகுடேசுவர ராஜா ஆண்டுவந்தார். அவர் காலையில் ஒன்று நினைத்தால் மாலைக்குள் நடந்தாக வேண்டும். ஒருநாள் அவர் மனசு ஏழடுக்கு மாளிகை கேட்டது. அவ்வளவுதான்! ஊரிலிருந்த ஆணும் பெண்ணும் விடியுமுன்னே கல் சுமக்கப் போய், பிள்ளைகள் தூங்கியபிறகு வீடு திரும்பினார்கள்.

ஆறே மாதத்தில் ஊரெல்லாம் திருட்டு. கோழி போனது, குத்துவிளக்கு போனது, கடைசியில் அரசர் காலில் மாட்டும் பாதக்குறடே போய்விட்டது! பிடிபட்டவர்கள் மீசை அரும்பாத ஒன்பது பையன்கள்.

காவல் தலைவர் தண்டராயருக்கு ஒரே கொண்டாட்டம். அமைச்சர் பதவி மேல் அவருக்கு வெகுநாளாக ஒரு கண். "பிறவித் திருடர்கள், மகாராஜா! பாதாளச் சிறையில் தள்ளுங்கள். எனக்கு இன்னும் நூறு வீரர்களைக் கொடுங்கள்!"

அமைச்சர் நல்லியக்கர் எழுந்தார். "அரசே, ஒரு மாதம் இவர்களை என் பொறுப்பில் விடுங்கள். வாள் ஏந்தாத, கூலி கேட்காத காவலர்களை நிறுத்துகிறேன். ஆட்களை நானே பொறுக்கிக்கொள்ள உத்தரவு வேண்டும்."

"கூலி கேட்காத ஆளா! எத்தனை பேரை வேண்டுமானாலும் எடுத்துக்கொள்ளும்" என்று முத்திரை குத்தினார் அரசர். "ஒரு திருட்டு நடந்தாலும் உம் பதவி தண்டராயருக்கு!" சொல்லிவிட்டு வேட்டைக்குக் கிளம்பிவிட்டார்.

மாதம் முடியப்போகிறது; ஒரு கோழிகூடக் காணாமல் போகவில்லை. தண்டராயர் தெருத்தெருவாகத் தேடினார். ஒரு காவலரையும் காணோம். வயிறு எரிந்தது. 'ஒரு திருட்டையாவது நாமே நடத்திவைப்போம்' என்று பொய்த்தாடி ஒட்டிக்கொண்டு, ஒன்பது பேரில் ஒருவனான செவந்தானைக் குளக்கரையில் மடக்கினார்.

"தம்பி, கோயில் மணியைக் கழற்றிக் கொண்டுவா. சட்டி நிறைய அதிரசம் தருகிறேன்."

"வேணாம் தாத்தா. எங்கடா போனேன்னு அப்பா கேப்பாரு."

"ஏதாவது பொய் சொல்லு!"

"அம்மா மூஞ்சியப் பாத்தே கண்டுபிடிச்சிடும்."

"முன்னே திருடினாயே, அப்போது கேட்கவில்லையா?"

"அப்ப கேக்க வீட்ல யாரு இருந்தாங்க?"

தண்டராயர் நழுவிய தாடியை அழுத்திக்கொண்டார். அதற்குள், "டேய், சோறு ஆறிப்போச்சுடா!" என்றபடி செவந்தானின் அப்பா வந்துவிட்டார்.

"அப்பா, இவரு கோயில் மணியைத் திருடச் சொல்றாரு!"

அப்பா எட்டிப் பிடித்தார். தாடி கையோடு வந்துவிட்டது!

வேட்டையிலிருந்து திரும்பிய அரசர், செவந்தானும் அவன் அப்பாவும் நடந்ததைச் சொல்லக் கேட்டு, சபையில் விழுந்து விழுந்து சிரித்தார். சட்டென்று நிறுத்தி, "கல் சுமக்க வேண்டியவனுக்கு அந்நேரம் வீட்டில் என்ன வேலை?" என்றார்.

"நான் நிறுத்திய காவலர் இவர்தான், அரசே" என்றார் நல்லியக்கர். "பிள்ளை இருக்கும் வீட்டுத் தாய் தகப்பனையெல்லாம் உச்சிப்பொழுதிலேயே அனுப்பிவிடுகிறேன். தாங்கள் முத்திரை குத்திய உத்தரவுதான்."

"என் மாளிகை?"

"மூன்றாம் அடுக்கிலேயே நிற்கிறது."

 அப்பாவின் கையைப் பிடித்தபடி நின்ற செவந்தானை அரசர் வெகுநேரம் பார்த்தார். "மூன்றடுக்கே போதும். பையன்களை இனி யாரும் தொடக்கூடாது" என்றார். தம் முத்துமாலையைக் கழற்றி அமைச்சர் கழுத்தில் போட்டார். மாளிகைக் கூரை முடியும்வரை தண்டராயர் கல் சுமக்க வேண்டும் என்று தீர்ப்பாயிற்று.

அரசர் எழுந்துவிட்டார்.

"மகாராஜா, இன்னும் நாலு வழக்கு இருக்கிறதே?" என்றார் நல்லியக்கர்.

"நாளைக்கு ஆகட்டும். என் மகன் காலையிலிருந்து எங்கே இருக்கிறான் என்று எனக்குத் தெரியாது ஐயா!" என்றபடி, செருப்பைக்கூட மாட்டாமல் அரசர் விடுவிடுவென்று நடந்தார்.