கரைக்குப் போகாத மண்

நல்லசிவத்துக்கு வந்த கோபம் வீட்டிலிருந்து மடம் வரைக்கும் நடந்தும் ஆறவில்லை. செருப்பைக் கழற்றும்போதே ஆரம்பித்துவிட்டார்.

“சாமி, இது என்ன நியாயம்? உத்தரவு போட்டவர் மாலையும் சால்வையுமா பதவி உயர்வுல போறார். கீழ்ப்படிஞ்சவன் சம்பளத்துல முழுப் பணத்தையும் பிடிக்கணுமாம்!”

அடிகள் கீரை ஆய்ந்துகொண்டிருந்தார். நல்லசிவத்தைவிட வயதில் இளையவர். ஆனால் நல்லசிவம் தீட்சை வாங்கியது அவரிடம்தான்.

“உக்காருங்க. என்ன உத்தரவு?”

நல்லசிவம் ஊராட்சி ஒன்றிய அலுவலகத்தில் பணம் வழங்கும் அதிகாரி. மார்ச் மாதக் கடைசியில் அந்த அலுவலகத்தில் ஒரு வழக்கம் உண்டு. வந்த நிதி திரும்பிப் போய்விடக் கூடாதென்று, நடக்காத வேலையை நடந்ததாகக் காட்டிப் பணத்தைக் கொடுத்துவிடுவார்கள். வேலை பிறகு நடக்கும். சில வேலைகள் நடக்காமலும் போகும். செங்குளத்தூர் ஏரிக்கரைக்கு மண் கொட்டுகிற வேலை அப்படிப் போனதுதான். மேலதிகாரி போனில் சொன்னார்: “போட்டு விடுங்க. மத்ததை நான் பாத்துக்கிறேன்.” நல்லசிவம் கையெழுத்தைப் போட்டு விட்டார். ஐப்பசி மழையில் கரை உடைந்து ஊரே வெள்ளத்தில் கிடந்தது. அதற்கான விசாரணை மறுநாள்.

“எழுதிக் கொடுங்கன்னு கேட்டீங்களா?”

“கேட்டா, என் வாய்ச்சொல்லுக்கு மதிப்பில்லையான்னு முகத்தைத் தூக்கி வச்சுக்குவார்.”

“நாளைக்கு விசாரணையில என்ன சொல்லப் போறீங்க?”

“மண் கொட்டலைன்னு எனக்குத் தெரியாதுன்னு சொல்லணும். கவனக்குறைவுன்னு ஒத்துக்கிட்டா பிடித்தத்தைக் குறைச்சு வாங்கித் தரேன்னு மேலதிகாரியே சொல்றார். அவர் பேரை இழுக்கக் கூடாதாம்.”

“உங்களுக்குத் தெரியாதா?”

“நான் என்ன கரையில காவலா இருந்தேன்? சொன்னதைச் செய்யறவன் சாமி நான். என் மேல என்ன தப்பு? அதை உங்க வாயால கேட்டாத்தான் எனக்கு ராத்திரி தூக்கம் வரும்.”

அடிகள் கீரையை ஒதுக்கி வைத்துவிட்டு எழுந்தார். மத்தியானச் சாப்பாட்டுக்கு ஆட்கள் வந்துவிட்டார்கள். வெள்ளத்துக்குப் பிறகு செங்குளத்தூரில் பாதிப் பேருக்கு அந்த மடத்துச் சோறுதான். இலை போட்டாயிற்று. சோறும் விழுந்தது.

“அதோ அந்தக் குழம்பை எடுத்துப் பரிமாறுங்க, நல்லசிவம்.”

நல்லசிவம் சட்டைக் கையை மடித்துவிட்டுக்கொண்டு போனார். கொல்லைக் கதவோரம் இருந்தது அண்டா. கல்யாண வீட்டில் மிஞ்சியது என்று காலையில் யாரோ கொண்டுவந்து கொடுத்தது. மூடியைத் திறந்ததும் முகத்தைத் திருப்பிக்கொண்டார்.

“சாமி, இது ஊசிப் போச்சு.”

“தெரியும். போடுங்க.”

“நுரைச்சுக் கிடக்கு சாமி!”

“மடத்துல என் சொல்தான் உத்தரவு. போட்டு விடுங்க. மத்ததை நான் பாத்துக்கிறேன்.”

நல்லசிவம் கரண்டியைக் கீழே போட்டார். அது தரையில் விழுந்த சத்தத்தில் பந்தியே திரும்பிப் பார்த்தது.

“முடியாது.”

“குருவோட சொல்லையா தட்டுறீங்க?”

“குருவா இருந்தா என்ன? அங்க வயித்துப் பிள்ளைக்காரி ஒருத்தி உக்காந்திருக்கா, உங்க கண்ணுல படலையா? வீடு வாசலைப் பறிகொடுத்துட்டு வந்த சனத்துக்குக் கெட்டதைப் போடச் சொல்றீங்களே, இந்தக் காவியைக் கட்டிக்கிட்டு எப்படி மனசு வந்தது உங்களுக்கு?”

முதல் இலையில் இருந்தவள் வெள்ளையம்மாள். அவளுடைய ஆடுகள் எல்லாம் தண்ணீரோடு போனவை.

“அப்படிக் கேளுங்கய்யா!” என்றாள். “எங்க கரைக்கு ஒரு கூடை மண்ணு விழாமப் பணத்தைக் கொடுக்கச் சொன்னானாமே ஒருத்தன், அன்னிக்கு அவனை இப்படிக் கேக்க அந்த ஆபீசுல ஒரு ஆம்பளை இல்லையே!”

“நீ சாப்பிடு தாயி, ரசம் வருது,” என்றார் அடிகள். பிறகு அண்டாவைத் தாமே தூக்கிக்கொண்டு போய் எருக்குழியில் கவிழ்த்தார். கையைக் கழுவிவிட்டு வந்து பார்த்தபோது, நல்லசிவம் ரசம் பரிமாறிக்கொண்டிருந்தார். வெள்ளையம்மாளின் இலைக்கு வரும்போது மட்டும் அவர் நிமிரவில்லை.

பந்தி எழுந்தது.

“என்னை அந்தக் கேள்வி கேட்டீங்க,” என்றார் அடிகள். “தொண்டை கிழியக் கேட்டீங்க. அவர்கிட்ட ஏன் கேக்கலை?”

நல்லசிவம் எச்சில் இலைகளையே பார்த்துக்கொண்டு நின்றார்.

“உங்களால என் சம்பளத்துல கை வைக்க முடியாது சாமி.”

“மண் கொட்டலைன்னு தெரியுமா, தெரியாதா?”

“தெரியும். தினமும் அந்த வழியாத்தான் பஸ் போகும். நான் வலது பக்கம் உக்காந்துக்குவேன். ஏரி இடது பக்கம்.”

அடிகளின் முகம் சிவந்தது. அவர் கோபப்பட்டு நல்லசிவம் பார்த்ததில்லை.

“ஒரு ஊரே மூழ்கினதுக்கு அப்புறமும் வலது பக்கம்தானா?”

நல்லசிவம் கையைக் கூப்பினார். “உண்மையைச் சொன்னா அவரோட சேர்ந்து நானும் போவேன் சாமி. வேலை, பென்ஷன் எல்லாம் போயிடும். தெரியாதுன்னு சொல்லிட்டா ரெண்டு பேருமே பிழைச்சுக்குவோம். எனக்கு ஒண்ணும் ஓடலை. என்ன செய்யணும்னு நீங்களே சொல்லிடுங்க. நீங்க சொன்னபடி அப்படியே செய்யறேன்.”

அடிகள் குனிந்து முதல் இலையை மடித்தார்.

“எதுக்கு? நாளைக்கு, ‘சாமி சொன்னார், செஞ்சேன்’னு சொல்றதுக்கா?”