எருக்கஞ்செடிக்குக் குடிபோன வெட்டுக்கிளி

அந்தக் காலத்தில் வெட்டுக்கிளியும் வாய் திறந்து பேசும். பேச்சு மட்டுமா, வாய்க்கு ருசியாகவும் கேட்கும். கரிசல் காட்டில் காராயி என்று ஒருத்தி ஓலையில் முடைந்த சிறு கொட்டானில் ஒரு வெட்டுக்கிளி வளர்த்தாள். பிள்ளை இல்லாத வீட்டில் அதுதான் பிள்ளை. இளஞ்சோளத் தோகையைத் தவிர எதையும் தொடாது. அவள் கொடுத்த செல்லம் அப்படி.

ஒரு வருஷம் மழை பொய்த்தது. சோளம் கருகியது, அருகம்புல்லும் கருகியது. எருக்கு மட்டும் பச்சையாக நின்றது. காராயியின் தண்ணீர்ப் பானையடியில் முளைத்திருந்த நாலு சோளப் பயிர்தான் மிச்சம்.

"இது பத்து நாளைக்குத்தான் வரும். அதுக்குள்ள நீ எருக்குத் திங்கப் பழகணும்" என்றாள்.

"அந்தக் கசப்பைத் திங்கிறதுக்குச் சாகலாம் ஆத்தா."

"உன்னைச் சாக விட்டாத்தானே!"

முதல் நாள் தோகையில் ஒரு சொட்டு எருக்கம்பால் தடவினாள். முகத்தைச் சுளித்துக்கொண்டே தின்றது. மறுநாள் இரண்டு சொட்டு.

அவள் புருஷன் சடையனுக்குப் பொறுமை கிடையாது. நாலாம் நாள் அவள் தண்ணீருக்குப் போன நேரம் பார்த்து, "சொட்டுச் சொட்டா எத்தனை நாள் கொஞ்சுறது?" என்று முழு எருக்கிலையைக் கொட்டானில் போட்டு மூடிவிட்டான். வேறு தீனி இல்லை. பசி பொறுக்காமல் தின்ற வெட்டுக்கிளி, காராயி திரும்பியபோது காலை நீட்டிக் கிடந்தது.

அவளுக்கு அழ நேரமில்லை. மஞ்சளை அரைத்து அதன் உடம்பில் கோடு கோடாகப் பூசினாள். பொழுது சாய்கையில் அது கண் திறந்தது.

"போய் எருக்கம்பால் கொண்டா" என்றாள் சடையனிடம்.

"இன்னுமா?"

"இன்னும்தான். மறுபடியும் ஒரு சொட்டுலருந்து."

பயிர் வாடாமல் நாள் நீளட்டும் என்று தன் பங்குக் குடிதண்ணீரை அதற்கே ஊற்றினாள். உதடு வெடித்தது. சடையன் தன் செம்பையும் அங்கேயே கவிழ்த்தான்.

கடைசித் தோகை தீர்ந்த அன்று வெட்டுக்கிளி முழு எருக்கிலையை நறநறவென்று தின்றது. பூவையும் விடவில்லை. அந்தப் பூவின் நீலம் மஞ்சள் கோடுகளுக்கு நடுவே ஊறி நின்றது.

காராயி அதை எருக்கஞ்செடியில் கொண்டுபோய் விட்டாள். "இனி உனக்கு என் கை வேண்டாம்" என்றாள். சொல்லி வாய் மூடவில்லை, ஒரு செம்போத்துப் பறவை பாய்ந்து அதைக் கவ்வியது. காராயி அலறினாள். வெட்டுக்கிளி உள்ளே ஊறியிருந்த கசப்பைப் பீச்சியடித்தது. செம்போத்து அதைத் துப்பிவிட்டுத் திரும்பிப் பாராமல் ஓடியது.

"பாத்தியா ஆத்தா, எல்லாம் நீ குடுத்த சொட்டு!"

அன்று முதல்தான் எருக்கஞ்செடியில் மஞ்சளும் நீலமுமாய் வரி போட்ட வெட்டுக்கிளி குடியிருக்கிறது. பிடித்தால் கசப்பைப் பீச்சும். ஊரே காய்ந்து கிடந்தாலும் அது மட்டும் பட்டினி கிடப்பதில்லை.